ஜில் ஜில் ரமாமணியும் கண்ணம்மாவும்

மனோரமா என்று பெயரைச் சொன்னாலே நமக்கெல்லாம் முதலில் சிரிப்புதான் வரும். 1968-ல் வந்த ‘தில்லானா மோகனாம்பாள்’ படத்தின் ஜில் ஜில் ரமாமணியை மறக்க முடியுமா? இன்றைக்கும் டி.வி.யில் போட்டால் அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்து விடுகிறோம். ஆனால் நம்மைச் சிரிக்க வைத்தவர் பட்ட பாடு கொஞ்ச நஞ்சமில்லை, சகோதரிகளே!

1937-ல் மன்னார்குடியில் பிறந்த அந்தக் குழந்தைக்கு வைத்த பெயர் கோபிசாந்தா. தகப்பனார் கைவிட்டுவிட, தாயார் ராமாமிர்தம் குழந்தையைத் தூக்கிக்கொண்டு செட்டிநாட்டுப் பள்ளத்தூருக்கு வந்து சேர்ந்தார். வீட்டு வேலை செய்துதான் மகளை வளர்த்தார். அந்த அம்மாளுக்கும் உடம்புக்கு முடியாமல் போனது. மகளின் படிப்பு 11 வயதோடு நின்றது.

12 வயதில் நாடக மேடை. மனோரமா என்ற பெயரும் அங்கே கிடைத்ததுதான். சினிமாவில் முதல் வாய்ப்பு 1958-ல் கண்ணதாசன் தயாரித்த ‘மாலையிட்ட மங்கை’. நகைச்சுவை வேடம் என்றதும் மனோரமா தயங்கினாராம். கதாநாயகி என்றால் சில வருஷம்தான், நகைச்சுவை என்றால் நிலைத்து நிற்கலாம் என்று கவிஞர் எடுத்துச் சொன்னதாக அவரே சொல்லியிருக்கிறார். அந்த வாக்கு பலித்தது. ஆயிரம் படங்களைத் தாண்டி கின்னஸ் புத்தகத்தில் இடம் பிடித்தார். ‘புதிய பாதை’ (1989) படத்துக்கு தேசிய விருது, 2002-ல் பத்மஸ்ரீ. அடேயப்பா!

வீட்டிலோ? காதல் கல்யாணம் நிலைக்கவில்லை. தன் தாயைப் போலவே அவரும் ஒரே பிள்ளையைத் தனியாக வளர்த்து ஆளாக்கினார்.

எனக்கு ரொம்பப் பிடித்தது 1986-ல் விசு எடுத்த ‘சம்சாரம் அது மின்சாரம்’. அதில் அவர் வேலைக்காரி கண்ணம்மா. பிரிந்து நிற்கும் குடும்பத்துக்காக அவள் சம்பந்தியிடம் போடுகிற சண்டை இருக்கிறதே, தியேட்டரே அதிரும்! பத்துப் பாத்திரம் தேய்த்துப் பிழைத்த வீட்டுப் பெண் அல்லவா? அந்த வேடத்தை அவருக்கு யார் சொல்லித் தர வேண்டும்?

எங்கள் சிறுசேரிப் பக்கம் அடுக்குமாடிக் குடியிருப்புகள் வந்த பிறகு, காலையில் எத்தனையோ கண்ணம்மாக்கள் வேலைக்கு வருகிறார்கள். ஒரு நாள் வராவிட்டால் முணுமுணுக்கிறோம். “உன் பொண்ணு ஸ்கூலுக்குப் போறாளாம்மா?” என்று எத்தனை பேர் கேட்கிறோம்? அவளுக்கு உடம்பு சரியில்லாத நாளில் சம்பளத்தைப் பிடிக்காமல் இருந்தால், ஒரு பெண்ணின் படிப்பு நிற்காமல் இருக்கலாம். ஜூன் மாதம் நோட்டுப் புத்தகத்துக்கும் ஒரு கை கொடுத்தால் இன்னும் நல்லது.

2015 அக்டோபர் 10-ல் ஆச்சி மறைந்தார். படிப்பு நின்றும் அவர் ஜெயித்துவிட்டார். எல்லாப் பெண்ணுக்கும் மேடை கிடைக்குமா, சொல்லுங்கள்?