மார்க்கோவும் வட்டக்கச்சியும்

2024 டிசெம்பர் 20 ஆம் திகதி கேரளத்திலே திரைக்கு வந்த மார்க்கோ என்னும் மலையாளப் படம், இந்தியாவிலே எடுக்கப்பட்டவற்றுள் மிகக் கொடிய வன்முறைப் படம் தானே என்று விளம்பரம் செய்துகொண்டு வந்தது. ஒரு படைப்பு எதனைத் தன் சிறப்பாக முன்வைக்கிறதோ அதனைக் கொண்டே அதனை மதிப்பிடுதல் நியாயமாகும். ஹனீப் அதேனி நெறிப்படுத்திய இப்படத்திலே உண்ணி முகுந்தன் ஏற்ற நாயகன், செல்வமும் ஆட்பலமும் மிக்க அடாட்டுக் குடும்பத்தின் வளர்ப்புப் பிள்ளை. அக்குடும்பத்தின் இளையவனும் பார்வையற்றவனுமாகிய விக்டர், தன் நண்பனின் கொலைக்குச் சாட்சியாகிவிட்ட காரணத்தால் அமிலத்தாற் கொல்லப்படுகிறான். நாயகன் பழிவாங்கப் புறப்படுகிறான். எதிரிகள் திருப்பித் தாக்குகின்றனர். கருவுற்ற பெண்ணும் சிறுவரும் அதிலே அகப்படுகின்றனர். நாயகன் மேலும் கொல்கிறான். கதை இவ்வளவே.

வயது வந்தோர்க்கு மட்டும் என்ற சான்றிதழோடு வந்த இப்படம் தமிழ் முதலிய மொழிகளிலும் குரல்மாற்றம் பெற்றது. 2025 பெப்ரவரியிலே இணையவழிச் சேவையொன்றுக்கும் வந்து சேர்ந்தது. அதன் பின்னர், மார்ச் மாதத்திலே, தொலைக்காட்சியில் இதனைக் காட்டுவதற்கு இந்தியத் தணிக்கைச் சபை அனுமதி மறுத்தது. தொலைக்காட்சிக்குத் தடை, கைத்தொலைபேசிக்குத் தடையில்லை. பதினைந்து வயதுப் பிள்ளை இன்று எதிலே படம் பார்க்கிறான் என்பது அச்சபைக்கு எட்டவில்லைப் போலும்.

இப்படத்தை மெச்சுவோர் பல்கலைக்கழக விடுதிகளிலும் உளர். ஒளிப்பதிவைப் புகழ்கின்றனர்; சண்டைக் காட்சிகளின் அமைப்பைப் புகழ்கின்றனர்; அயல்நாட்டுப் படங்களுக்கு நிகராக மலையாளச் சினிமா வளர்ந்துவிட்டது என்று பெருமிதம் கொள்கின்றனர். கருவி நன்றாகத் தீட்டப்பட்டிருக்கிறது என்பதை மறுப்பாரில்லை. எதை அறுப்பதற்காக அது தீட்டப்பட்டது என்ற கேள்வியே இவர்களாற் கேட்கப்படாதது.

எதிர்ப்பவர்களின் வாதமும் செம்மையானதன்று. 2025 இன் தொடக்க மாதங்களிலே கேரளத்தில் நடந்த கொலைகளைத் தொடர்ந்து, இளைஞரின் வன்முறைக்குத் திரைப்படங்களே காரணமா என்ற வாதம் சட்டசபை வரை சென்றது. படம் பார்த்தவன் கத்தி எடுப்பான் என்பது எளிதான கணக்கு. யாழ்ப்பாணத்திலே வாள்வெட்டுக் கும்பல்கள் இப்படம் வருவதற்குப் பல ஆண்டுகள் முன்பே தெருவில் இறங்கியிருந்தன. வேலையின்மை, போதைப்பொருள், போருக்குப் பின் சிதறிப்போன குடும்ப அமைப்பு ஆகியவற்றையெல்லாம் ஆராய மனமில்லாதவர்களுக்குச் சினிமா ஒரு வசதியான குற்றவாளி. மார்க்கோ முதலிய படங்களின் மீது சுமத்தவேண்டிய குற்றம் வேறு: அவை இறந்தவர்களுக்கு இழைக்கும் அநீதியே அது.

பழிவாங்கற் படத்திலே குடும்பம் எதற்காக இருக்கிறது? சாவதற்காக இருக்கிறது. தாய், தங்கை, பார்வையற்ற தம்பி, தொட்டிலிற் குழந்தை ஆகிய எவருக்கும் அவரவர்க்கென ஒரு வாழ்வு அங்கே இல்லை. இரண்டு சிரிப்பு, ஒரு விருந்து, ஒரு பாட்டு, அதன்பின் கொலை. அவர்கள் எவ்வளவு கொடூரமாகக் கொல்லப்படுகின்றனரோ அவ்வளவுக்கு நாயகனின் வாளுக்கு அனுமதி நீள்கிறது. விக்டரின் பார்வையின்மை கூட இரக்கத்தின் அளவைக் கூட்டுவதற்கான ஓர் ஏற்பாடேயன்றி, இருளிலே வாழும் ஒரு மனிதனைப் பற்றிய அறிவு அன்று. இவ்வகைப் படங்களிலே சாவீடு நீள்வதில்லை. எட்டுச்செலவு இல்லை, அந்தியேட்டி இல்லை, இறந்தவரின் உடுப்புகளை என்ன செய்வதென்று அறியாது வீட்டார் திகைக்கும் மாதங்கள் இல்லை. துயரம் இரண்டு நிமிடம். பழி இரண்டு மணித்தியாலம். நாயகன் துயரத்தைப் பொறுக்க முடியாமையாற் பழிவாங்குகிறான் என்று சொல்லப்படுகிறது. பழிக்காகவே துயரம் தயாரிக்கப்படுகிறது என்பதுதான் உண்மை.

இவ்வுண்மை வேறெந்த ஊரிலும் பார்க்க வட்டக்கச்சி போன்றதோர் ஊரிலே துலக்கமாகத் தெரியும். இரணைமடுக் குளத்து நீரை நம்பி, 1950களிலே குடியேற்றத் திட்டமாக உருவான விவசாயக் கிராமம் அது. வாய்க்காலும் வயலும் தென்னையுமாக இரண்டு தலைமுறை உழைத்து ஆக்கிய ஊர். மின்சாரம் இல்லாத காலத்திலே வன்னிக் கிராமங்களில் ஜெனரேற்றரும் வீடியோ டெக்கும் வாடகைக்கு எடுத்து, முற்றத்திலே பாய் விரித்து, விடியும்வரை மூன்று படம் பார்த்த சனங்களுக்குப் பழிவாங்கும் கதைகள் புதியனவல்ல. அக்காலப் படங்களிலும் தந்தையைக் கொன்றவனை மகன் தேடிச் சென்றான். ஆனால் 2009 சனவரி 2 ஆம் திகதி கிளிநொச்சி இராணுவத்தின் வசமான பின்னர், இவ்வூர்ச் சனங்கள் உழவு இயந்திரப் பெட்டிகளிலும் சைக்கிள்களிலும் கூரைத்தகடு முதற்கொண்டு ஏற்றிக்கொண்டு தருமபுரம், விசுவமடு, புதுக்குடியிருப்பு எனக் கிழக்கே கிழக்கே ஒதுங்கி, ஈற்றில் முள்ளிவாய்க்கால் மணலில் நின்றனர். மே 18 இன் பின் செட்டிகுளத்து முட்கம்பி முகாம்கள். மீள்குடியேற்றம் என்று சொல்லி ஊருக்கு அனுப்பப்பட்டபோது எல்லாக் குடும்பங்களும் முழுமையாகத் திரும்பவில்லை.

பழிவாங்கற் படம் மூன்று வசதிகளைக் கேளாமலே எடுத்துக்கொள்கிறது. இறந்தவர் இறந்தார் என்பது அங்கே தெரியும்; உடல் கண்முன்னே கிடக்கும். கொன்றவனுக்கு ஒரு முகமும் ஒரு முகவரியும் இருக்கும். கணக்குத் தீர்ப்பதற்கு நாயகனுக்கு உடலிலே வலிமையும் இருக்கும். வன்னிக் குடும்பத்துக்கு முதலாவது வசதியே கிடைக்கவில்லை. மகன் எறிகணையில் இறந்தானா, காயத்தோடு கப்பலேற்றப்பட்டானா, சரணடைந்து பேருந்தில் ஏறினானா என்று அறியாத தாய்க்குத் திவசம் கொடுக்கவும் மனம் வராது. கொடாதிருக்கவும் மனம் ஆறாது. கொன்றவனின் முகமோ சீருடைக்குள்ளும் கட்டளைச் சங்கிலிக்குள்ளும் கோப்புகளுக்குள்ளும் கரைந்துபோன முகம். பிள்ளைகளைப் பலவந்தமாகப் படைக்குச் சேர்த்துக்கொண்டு போனவர்களும் உண்டு. அவர்கள் தமிழ் பேசியவர்களே. இத்தகைய இழப்பின் முன்னே மார்க்கோவின் வாள் எதனை வெட்டும்?

இதற்கு மறுமொழியாகச் சிலர் கூறுவது சற்றுக் கனமானது. நீதி கிடையாத சமூகத்திற்குத் திரையிலேனும் ஒரு பழி நிறைவேறுவது ஆறுதல் அல்லவா, அடக்கி வைத்த கோபத்துக்கு அது ஒரு வடிகால் அல்லவா என்பர். அரிஸ்டோட்டிலையும் துணைக்கு அழைப்பர். அரிஸ்டோட்டில் அச்சத்தையும் இரக்கத்தையும் பற்றிப் பேசினார். மார்க்கோவைப் பார்ப்பவன் நாயகனுக்காக அஞ்சுவதுமில்லை, வெட்டுப்படுபவனுக்காக இரங்குவதுமில்லை. அவனிடம் எழுவது கைதட்டல். வடிகால் என்றால் எதுவோ வடிந்திருக்க வேண்டும். படம் முடிந்ததும் எதுவும் வடிவதில்லை; அடுத்த படத்திலே இன்னும் கூடிய குரூரம் வேண்டும் என்ற தாகமே மிஞ்சுகிறது. தயாரிப்பாளருக்குத் தேவையானதும் அதுவே. மிகாயேல் என்னும் 2019 ஆம் ஆண்டுப் படத்தில் வில்லனாய் வந்த பாத்திரமே இங்கே நாயகனாக உயர்த்தப்பட்டமை தற்செயல் அன்று. சந்தையிலே வில்லனுக்கும் நாயகனுக்கும் இடையிலிருந்த கோடு இலாபத்துக்கு இடைஞ்சலாகிவிட்டது.

ஆறுதல் என்ற பெயரிலே இப்படங்கள் செய்யும் கேடு இன்னொன்றும் உண்டு. 2017 பெப்ரவரி 20 ஆம் திகதி, கிளிநொச்சிக் கந்தசுவாமி கோயில் முன்றலிலே காணாமல் ஆக்கப்பட்டோரின் உறவினர் தொடர் போராட்டத்தைத் தொடங்கினர். வெயிலிலும் மழையிலும் படங்களை மடியில் வைத்துக்கொண்டு அமர்ந்தோரிலே பெரும்பாலோர் வயது முதிர்ந்த தாய்மார். அவர்கள் எவருடைய தலையையும் கேட்கவில்லை. பிள்ளை எங்கே என்று கேட்டனர். 2016 ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி காணாமற்போன ஆட்கள் பற்றிய அலுவலகம் ஒன்று அமைக்கப்பட்டது. 2018 இலே ஆணையாளர்கள் நியமிக்கப்பட்டனர். மறுமொழி கிடைக்குமுன்னரே கண்மூடிய பெற்றோர் பலர். பழிவாங்கற் படத்தின் அளவுகோலைக் கொண்டு அளந்தால் இந்தத் தாய் தோற்றவள், கையாலாகாதவள். அவள் ஆண்டுக்கணக்கிற் கேட்ட கேள்வியிலும் பார்க்க ஒருவன் வீசிய ஒரு வெட்டு மேலானது என்றே அப்படம் அவளுடைய பேரனுக்குக் கற்பிக்கிறது. அவன் அவளது பொறுமையைக் கண்டு வெட்கப்பட வேண்டும் என்று எதிர்பார்க்கிறது. இதைப் பொழுதுபோக்கு என்று விட்டுவிடலாகாது.

கண்ணகியும் பழிவாங்கியவள்தானே என்று தமிழ்ப்பற்றோடு கேட்பவர்களும் இல்லாமலில்லை. சிலப்பதிகாரத்தைப் பெயரளவில் அறிந்தோரின் வாதம் இது. கண்ணகி முதலிலே சென்ற இடம் அரசவை. வாயிற்காவலன் மூலம் தன் வரவை அறிவித்து, உள்ளே சென்று, சிலம்பை உடைத்துச் சான்று காட்டி, கோவலன் கள்வனல்லன் என்பதை நிறுவினாள். அவள் வேண்டியது தீர்ப்பு. தீர்ப்புப் பிழையென உணர்ந்த மன்னன் அங்கேயே உயிர்விட்டான். அதன் பிறகு மதுரை எரிந்தபொழுதும் முதியோரையும் குழந்தைகளையும் தீ தீண்டலாகாதென்று வரையறை இருந்தது. குழந்தையின் சாவைக் காட்சிப்பொருளாக்கி நுழைவுச்சீட்டு விற்பவர்கள் அவள் பெயரைச் சொல்லாதிருத்தல் நன்று.

வன்னி மக்கள் அக்கண்ணகியை என்ன செய்தனர் என்பது மேலும் கவனிக்கத்தக்கது. மதுரையை எரித்த சினத்தோடு கடல் கடந்து வந்தவள் நந்திக்கடலோரத்திலே, வற்றாப்பளையிலே, பசித்த கிழவியாகத் தோன்றினாள் என்பது ஐதிகம். மாடு மேய்த்த சிறுவர் பொங்கிக் கொடுத்தனர். எண்ணெய் இல்லாதபோது கடல்நீரிலே விளக்கெரித்தனர். இன்றும் வைகாசிப் பொங்கலுக்குக் கடல்நீரிலேயே விளக்கு எரிகிறது. தீயை மூட்டியவளை அல்ல, தீ தணிந்தவளையே இம்மண் தெய்வமாகக் கொண்டது. அதே நந்திக்கடலின் கரையிலேதான் 2009 இலே போர் முடிந்தது.

மலையாளச் சினிமாவை நோவதற்காக இவை சொல்லப்படவில்லை. குடும்பத்தின் துயரத்தை எவ்வாறு படமாக்கலாம் என்பதை இந்திய மொழிகளுக்குக் கற்பித்த மொழிகளுள் அதுவும் ஒன்று. 1976 மார்ச் மாதத்திலே, இந்தியாவில் நெருக்கடி நிலை நிலவிய வேளை, கோழிக்கோட்டுப் பொறியியற் கல்லூரி மாணவன் ராஜன் விடுதியிலிருந்து பொலிசாரால் அழைத்துச் செல்லப்பட்டான், கக்கயம் முகாமிலே சித்திரவதைக்கு உள்ளானான், உடலும் கிடைக்கவில்லை. தந்தை ஈச்சரவாரியர் ஒரு பேராசிரியர். அவர் 1977 இலே கேரள உயர் நீதிமன்றத்தில் ஆட்கொணர்வு மனுத் தாக்கல் செய்தார். அவ்வழக்கின் விளைவாக முதலமைச்சர் கருணாகரன் பதவி துறக்க நேர்ந்தது. மகன் மட்டும் வரவில்லை. ஆட்கொணர்வு மனு என்ற சொல் வன்னிக்கும் அந்நியமானதன்று. 2009 மே மாதத்திலே சரணடைந்தோர் தொடர்பில் வவுனியா மேல் நீதிமன்றத்திலும் அத்தகைய மனுக்கள் தாக்கல் செய்யப்பட்டன.

இந்நிகழ்வின் நிழலிலே ஷாஜி என். கருண் 1988 இலே எடுத்த படம் பிறவி. தங்கையின்... அன்று, தமக்கையின் நிச்சயதார்த்தத்துக்கு வரவேண்டிய மகன் வரவில்லை. முதிய தந்தை நாள்தோறும் தோணியிலே ஆற்றைக் கடந்து பேருந்து நிறுத்தத்துக்குச் சென்று காத்திருந்து, இருண்டபின் வெறுங்கையோடு திரும்புகிறார். மழை பெய்துகொண்டேயிருக்கிறது. தலைநகருக்குச் சென்று அதிகாரத்தில் உள்ளோரையும் காண்கிறார். அப்படி ஒருவரைக் கைது செய்யவேயில்லை என்பது பொலிசாரின் பதில். சித்திரவதைக் காட்சி ஒன்றுமில்லை, அடிப்பவனின் முகமில்லை, துளி இரத்தமில்லை. அத்தந்தையாக நடித்த பிரேம்ஜிக்கு இந்தியாவின் தேசிய விருது கிடைத்தது. 1989 இலே கான் விழாவிலும் படம் பாராட்டுப் பெற்றது. விருதுகள் கிடக்கட்டும். தோணியிலிருந்து இறங்கும் அக்கிழவரை வட்டக்கச்சியிலே எவருக்கும் அறிமுகம் செய்யவேண்டியதில்லை.

ஜோன் ஏபிரகாமின் அம்ம அறியான் 1986 இலே வந்தது. இறந்துபோன இளைஞன் ஒருவனின் செய்தியை அவன் தாயிடம் சேர்ப்பிக்கப் புறப்படும் பயணம் அது. வழியெங்கும் நண்பர்கள் சேர்ந்து கூட்டம் பெருகுகிறது. மார்க்கோவிலும் ஒருவன் சாவின் பின்னே கூட்டம் திரள்கிறது. ஆனால் அது போவது தாயிடம் அன்று.

தணிக்கையை நம்பியிருப்போர் இலங்கையின் அனுபவத்தை மறக்கலாகாது. பிரசன்ன விதானகே 1997 இலே எடுத்த புரஹந்த களுவர என்னும் சிங்களப் படத்திலும் பார்வையற்றவர் ஒருவர் உண்டு. இராணுவத்திலே இருந்த மகனின் சவப்பெட்டி முத்திரையிடப்பட்டு வீட்டுக்கு வருகிறது. கிழவர் அவன் இறந்ததை ஏற்க மறுக்கிறார். இழப்பீட்டுப் படிவத்திலே கையொப்பமிட மறுக்கிறார். ஈற்றிலே புதைகுழியைத் தோண்டுகிறார். விக்டரின் பார்வையின்மை எதனையும் காணவில்லை. இக்கிழவரோ பார்வையுள்ளவர் காண மறுத்ததைக் கண்டவர். அப்படத்தைத்தான் 2000 ஆம் ஆண்டிலே அரசாங்கம் தடைசெய்தது. உயர் நீதிமன்றம் தலையிட்டே 2001 இலே அது திரைக்கு வந்தது. துயரத்தை உள்ளபடி காட்டிய படத்துக்கு அந்த அச்சம். பழியைக் கொண்டாடும் படங்களைக் கண்டு எந்த அரசும் அவ்வாறு அஞ்சியதில்லை.

ஆகவே தடை கேட்டு மனு எழுதுவதிலே காலத்தை வீணாக்க வேண்டியதில்லை. அம்ம அறியானுக்கு வேண்டிய பணத்தை ஒடேசா என்னும் குழுவினர் ஊரூராகச் சென்று சிறு தொகைகளாக மக்களிடமே சேர்த்தனர். இங்கே படம் எடுக்கவேண்டியதும் இல்லை, காட்டினாற் போதும். ஆண்டுதோறும் கலைவிழா மேடைக்கும் சோடனைக்கும் தமிழ்ச் சங்கங்கள் செலவிடும் பணத்தில் ஒரு சிறு பங்கு இதற்குப் போதுமானது. பிறவிக்குத் தமிழ்த் துணையெழுத்து எழுத மலையாளம் அறிந்த ஒருவரும் இரண்டு கிழமையும் தேவை. வட்டக்கச்சியிலே ஒரு பாடசாலை மண்டபம், ஒரு வெள்ளைத் திரை, மாலை ஆறரை மணி. முன்வரிசை நாற்காலிகளைப் பிரமுகர்களுக்கு ஒதுக்காது அத்தாய்மாருக்கு விடுதல் வேண்டும். அவர்களின் பேரப்பிள்ளைகள் கைத்தொலைபேசியோடு பின்வரிசையில் இருந்தாலும் குற்றமில்லை.