முனிக்ல குடிச்சா கலாச்சாரம், ராஞ்சியில குடிச்சா சாராயமா?

ராஞ்சி, ஜாம்ஷெட்பூர், பொகாரோ பக்கம் குடும்பத்தோட இருக்கிற நம்ம மக்களுக்குத்தான் இந்தப் பதிவு. படிச்சிட்டு ஆட்டோ அனுப்பிடாதீங்க.

ஜெர்மனி போயிட்டு வந்தவர் அக்டோபர்ஃபெஸ்ட் படம் காட்டினா, "ஆஹா, என்ன ஒரு கலாச்சாரம்"னு வாயைப் பிளக்கிறோம். இங்கே வாரச்சந்தையில ஒரு ஆதிவாசி அம்மா ஹடியா பானையோட உக்காந்திருந்தா, "சாராயம்டா, அந்தப் பக்கம் பாக்காதே"ன்னு பிள்ளையை இழுத்துட்டு வர்றோம்.

முதல்ல ஒண்ணு, ஹடியா சாராயமே இல்லைங்க. சாராயம்னா காய்ச்சி இறக்கணும். இதுல அடுப்பு வேலை சோறு ஆக்குறதோட சரி. ஆறின சோத்துல 'ரானு' உருண்டையைப் பொடிச்சுக் கலந்து, பானையில மூடி வச்சு, சில நாள் கழிச்சு தண்ணி விட்டு வடிகட்டுவாங்க. அரிசி மாவும் காட்டு வேர், மூலிகையும் சேர்த்து உருட்டிக் காயவச்சதுதான் ரானு. அதுல இருக்கிற பூஞ்சை மாவுச்சத்தைச் சர்க்கரையாக்கும். ஈஸ்ட் அந்தச் சர்க்கரையை ஆல்கஹாலாக்கும். ஜெர்மன்காரர் பார்லியை முளைகட்டி, அதுல சுரக்கிற நொதியை வச்சு முடிக்கிற வேலையை இவங்க பூஞ்சையை வச்சு முடிக்கிறாங்க. ஜப்பான்ல சாக்கேயும் அரிசியும் பூஞ்சையும்தான். சாக்கேன்னா மட்டும் பேஷ் பேஷ் :)

பவேரியாவுல 1516ல போட்ட பீர் சட்டத்தை ஆளாளுக்குச் சிலாகிக்கிறோம். பார்லி, ஹாப்ஸ், தண்ணி தவிர எதுவும் கூடாதுன்னு சொன்ன அந்தச் சட்டத்துல ஈஸ்ட் பேரே கிடையாது! பெல்ஜியத்தோட பீர் கலாச்சாரத்தை 2016ல யுனெஸ்கோ பட்டியல்ல சேர்த்தாங்க. சந்தோஷம். சர்ஹுல் அன்னிக்கு சால மரப் பூவோட பாஹன் (ஊர்ப் பூசாரி) பிரசாதமாக் கொடுக்கிற ஹடியா மட்டும் எதுல சேர்த்தி?

குடியால கெட்ட வீடுகள் இங்கேயும் உண்டு, மறுக்கலை. ஹடியா விக்கிற பெண்கள் வேற தொழிலுக்குப் போக ஜார்கண்ட் அரசு 2020ல ஃபூலோ ஜானோ ஆசீர்வாத் திட்டம்னு கொண்டுவந்து வட்டியில்லாக் கடன் கொடுக்குது. நல்ல விஷயம். நாள் முழுக்க வெயில்ல உக்காந்து குடிகாரங்க பேச்சைக் கேட்கணும்னு யாருக்கு ஆசை? ஆனா விக்கிறவங்களுக்கு வேற வழி காட்டுறது ஒண்ணு, அவங்க சாமிக்குப் படைக்கிறதைக் கேவலம்னு சொல்றது வேற.

நம்ம பிள்ளைங்க முண்டா, ஒராவோன் பிள்ளைங்களோட ஒரே பெஞ்சுல படிக்குதுங்க. 'ஹடியா'ங்கிறதை வசைச் சொல்லா அதுங்க வேற எங்கே கத்துக்கும்? நம்ம டைனிங் டேபிள்லதான். அடுத்த சர்ஹுலுக்குப் பக்கத்து வீட்டுக்காரர் கூப்பிட்டா போங்க. குடிக்கணும்னு கட்டாயமில்லை. பிள்ளை "ஆன்ட்டி, இதை எப்படிச் செய்வீங்க"ன்னு கேட்டா, கையைப் பிடிச்சு இழுக்காம இருங்க, போதும்.