சிறுவாட்டுப் பானையும் கைப்பேசிப் பூட்டும்

இரண்டாமாண்டு பி.எஸ்ஸி. கணித மாணவி

நம் ஊருக்குப் பெயர் வந்த கதையை எல்லோரும் அறிவோம். அசுரனுக்கு அஞ்சிய தேவர்கள், அவன் கண்ணில் படாதிருக்க எறும்பு வடிவங்கொண்டு மலையேறி ஈசனை வழிபட்டனர் என்பது தலபுராணம். அதை நம்புவதும் நம்பாததும் அவரவர் விருப்பம். நான் சொல்ல வந்தது வேறு. தேவர்கள் மறைந்து செய்தது திருட்டன்று, வழிபாடு. மறைவாகச் செய்வதெல்லாம் தவறே என்று எண்ணும் பெரியவர்கள், எறும்பீசர் கோயில் படியேறும்போது இதைச் சற்று நினைத்துப் பார்க்கலாகாதா?

இவ்வளவு பீடிகை எதற்கென்றால், சென்ற பொங்கல் விடுமுறையில் எங்கள் வீட்டில் நடந்த ஒன்றுக்காக. சித்தப்பா என் கைப்பேசியை வாங்கிப் பொங்கல் படங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். தள்ளிக்கொண்டே போனவரின் விரல் ஒரு சிறு பூட்டுப் படத்தின்மேல் நின்றது. சாம்சங் கைப்பேசிகளில் 'செக்யூர் ஃபோல்டர்' என்று இருக்குமே, அதுதான். தொட்டார், எண்ணைக் கேட்டது. "இதுல என்னம்மா இருக்கு? திற, பார்ப்போம்" என்றார். கூடியிருந்தவர் பத்துப் பேர். "வேண்டாம் சித்தப்பா" என்றேன். அவ்வளவுதான், சிரிப்புச் சத்தம் நின்றுவிட்டது. அப்பா மூன்று நாள் என்னுடன் பேசவில்லை.

அதற்குள் என்னதான் இருந்தது என்று இதைப் படிக்கும் நீங்களும் கேட்பீர்கள். எழுதப் போவதில்லை. "தவறாக ஒன்றுமில்லை" என்று இங்கே சத்தியம் செய்தேனானால், பூட்டுக்குக் காரணம் காட்டியாக வேண்டும் என்பதை நானே ஒப்புக்கொண்டவள் ஆவேன்.

எங்கள் வீடு ஓர் அறையும் ஒரு சமையற்கட்டும். ஆறு பேர் இருக்கிறோம். கதவு என்பது தெருவுக்கு மட்டும் உண்டு. படிப்பது, உடம்பு சரியில்லாமல் படுப்பது, அழுவது யாவும் எல்லோர் கண்முன்னேதான். அப்பா துவாக்குடிப் பக்கம் ஒரு பட்டறையில் வெல்டர். அவருடைய சாமான் பெட்டியில் திண்டுக்கல் பூட்டு ஒன்று எப்போதும் தொங்கும். அதற்குள் என்ன இருக்கிறதென்று யாரும் கேட்டதில்லை. தம்பியின் கைப்பேசிக்கும் பூட்டு உண்டு, அவன் பையனாயிற்றே! மகளின் பூட்டுக்கு மட்டும் ஏன் விசாரணை?

பெண்களுக்கு மறைவிடம் என்பது நம் வீடுகளில் புதிதன்று. அஞ்சறைப் பெட்டியின் அடியிலும் அரிசிப் பானைக்குள்ளும் சிறுவாட்டுப் பணம் சேர்க்காத வீடு உண்டா? எங்கள் அப்பாயி புடவைத் தலைப்பில் முடிந்து முடிந்து, பிறகு அரிசிப் பானைக்கு மாற்றுவார். 2016 நவம்பர் 8ஆம் நாள் இரவு, ஐந்நூறும் ஆயிரமும் செல்லாது என்று பிரதமர் தொலைக்காட்சியில் அறிவித்தபோது நான் சிறுமி. மறுநாள் காலை அப்பாயி பானைக்குள் கைவிட்டு நோட்டுகளை எடுத்து அப்பாவிடம் நீட்டினார். எட்டாயிரத்து ஐந்நூறு ரூபாய். அதை வங்கியில் போட்டாகிவிட்டது. ஒரு ரூபாய்கூட நட்டமில்லை. ஆனால் அன்றுமுதல் வீட்டில் பணமுடை வரும்போதெல்லாம், "இன்னும் எவ்வளவு ஆத்தா வச்சிருக்கே?" என்பது வழக்கமாகிவிட்டது. அப்பாயி அதன்பின் சேர்க்கவே இல்லை. பணம் பத்திரமாகத் திரும்பி வந்தது, பானைதான் போய்விட்டது.

இன்று அந்தப் பானை என் கையில் இருக்கிறது. 'புதுமைப் பெண்' திட்டத்தின் மாதம் ஆயிரம் ரூபாய் வந்து சேரும் வங்கிக் கணக்கு இந்தக் கைப்பேசியில். அந்தக் கணக்கிற்கான ஒருமுறைக் கடவுச்சொல் வருவதும் இதில். சான்றிதழ்களின் படங்களும், தோழி நம்பிச் சொன்ன செய்திகளும், நள்ளிரவில் எழுதிய நாலு வரிகளும் இதில்தான். பத்துப் பேர் கைமாறும் பொருளில் இவற்றைத் திறந்து வைப்பது நேர்மையன்று, அசட்டை.

சட்டம் என்ன சொல்கிறது? ஆதார் திட்டத்தை எதிர்த்து ஓய்வுபெற்ற நீதிபதி புட்டசாமி தொடுத்த வழக்கில், 2017 ஆகஸ்டு 24 அன்று உச்ச நீதிமன்றத்தின் ஒன்பது நீதிபதிகளும் ஒருமனதாக, அந்தரங்கம் அடிப்படை உரிமை என்றனர். அது அரசுக்கும் குடிமக்களுக்கும் இடைப்பட்ட வழக்கு. வீட்டுக்குள்? மனைவியறியாமல் அவருடைய அழைப்பு விவரங்களைப் பெற்று மணவிலக்கு வழக்கில் சான்றாக வைத்தார் ஒரு கணவர். அந்தரங்க உரிமை கணவன் மனைவியிடையிலும் உண்டு, அதை மீறிப் பெற்ற சான்று ஏற்கத்தக்கதன்று என்று 2024 அக்டோபரில் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை தீர்ப்பளித்தது. ஆனால் 2025 ஜூலையில் வேறொரு வழக்கில் உச்ச நீதிமன்றம், வாழ்க்கைத் துணையின் பேச்சை மறைவாகப் பதிவு செய்திருந்தாலும் மணவிலக்கு வழக்கில் அதனைச் சான்றாக ஏற்கலாம் என்றது. வீட்டுக்குள் இவ்வுரிமை எவ்வளவு தூரம் செல்லும் என்பதில் நீதிமன்றங்களே ஒரே குரலில் பேசவில்லை. என்னைக் கேட்டால், அப்பாவுக்கும் மகளுக்கும் நடுவே நீதிபதி வந்து நிற்கும் நிலை வரவே கூடாது.

கணித மாணவி என்ற முறையில் பூட்டைப் பற்றியும் சில சொல் சொல்ல வேண்டும். நம் தோழியர் பலர் இதில் ஏமாறுகின்றனர். மறைத்து வைப்பது வேறு, மறையாக்கம் வேறு. கால்குலேட்டர் போல் வேடமிட்டு வரும் செயலிகளில் பல, கோப்பை வேறோர் இடத்தில் ஒளித்து வைப்பதோடு சரி. செயலியை நீக்கினால் படங்களும் போய்விடக்கூடும். மறையாக்கத்தில் கோப்பே உருத்தெரியாமல் மாற்றி எழுதப்படுகிறது. இன்று பெரிதும் பயன்படும் 256 பிட் முறையில் இருக்கக்கூடிய சாவிகளின் எண்ணிக்கை இரண்டின் 256ஆம் அடுக்கு. எழுதிப் பார்த்தால் 78 இலக்கம் வரும்! ஒவ்வொன்றாகப் போட்டுப் பார்த்து எவராலும் திறக்க இயலாது.

ஆனால் நாம் அழுத்துவது நான்கு இலக்க எண்தானே? அதற்குப் பத்தாயிரம் வாய்ப்புகளே உண்டு. தவறாக அழுத்த அழுத்தக் கைப்பேசி காக்க வைப்பதால்தான் அது தாங்குகிறது. பிறந்த ஆண்டை எண்ணாக வைத்தவளுக்கு அந்தக் காவலும் உதவாது. தம்பி இரண்டாம் முறையே திறந்துவிடுவான். விரல்ரேகையும் முழுப் பாதுகாப்பன்று, நாம் உறங்கும்போதும் விரல் விழித்திருக்கிறது! இன்னொன்று: எண்ணை மறந்துவிட்டு, கைப்பேசியையும் முதல் நிலைக்குத் திருப்பினால் உள்ளிருந்தவை அழிந்தே போகும். 2024இல் வந்த ஆண்ட்ராய்டு 15இன் 'பிரைவேட் ஸ்பேஸ்' என்னும் அறையைப் புதிய கைப்பேசிக்கு அப்படியே மாற்றவும் வழியில்லை. எனவே சான்றிதழ்களின் படி ஒன்று வெளியிலும் இருக்கட்டும்.

"பொள்ளாச்சியை மறந்துவிட்டாயா?" என்று அத்தை கேட்டார். மறக்கவில்லை. 2019இல் வெளிவந்த அக்கொடுமையில் பெண்களைச் சீரழித்துப் படமெடுத்து, அந்தப் படங்களைக் காட்டியே மிரட்டினர். 2025 மே 13 அன்று கோவை மகளிர் நீதிமன்றம் ஒன்பது பேருக்கும் சாகும்வரை சிறை விதித்தது. பிறருடைய அந்தரங்கத்தைத் திருடித் தன் பூட்டுக்குள் வைப்பவனுக்கு அந்தரங்க உரிமை பேச வாயில்லை. ஒருவரின் அந்தரங்கப் படத்தை இசைவின்றி எடுப்பதும் பரப்புவதும் தகவல் தொழில்நுட்பச் சட்டத்தின் 66இ பிரிவின்கீழ் மூன்றாண்டு வரை சிறைக்குரிய குற்றம். ஆயினும் அத்தையிடம் நான் ஒன்று கேட்டேன். மிரட்டுகிறவனின் கையில் இருப்பது படம் மட்டுமா? "வீட்டில் தெரிந்தால் என்ன ஆகும்" என்ற அச்சமல்லவா அவன் முதலீடு? பூட்டைப் பார்த்ததும் மூன்று நாள் முகந்திருப்பும் வீட்டில், மிரட்டப்படும் மகள் வாய் திறப்பாளா? 1930 என்ற இணையக் குற்ற உதவி எண்ணை எல்லோரும் சொல்லித் தருகிறார்கள். முதலில் அப்பாவிடம் சொல்ல முடிந்தால்தானே அந்த எண்ணை அழுத்தவும் துணிவு வரும்! அத்தை பதில் சொல்லவில்லை. காப்பி ஆறுகிறது என்றார்.

நான்காம் நாள் அப்பா பேசினார். சோறு போடச் சொன்னார், அவ்வளவே. மாசி பிறந்து ஒரு நாள் இரவு, பட்டறையிலிருந்து வந்தவர் தம் பழைய கைப்பேசியை என் பக்கம் நகர்த்தி, "இதுல அந்தப் பூட்டு வருமா?" என்றார். அந்தக் கைப்பேசியில் செக்யூர் ஃபோல்டர் இல்லை. கூகுளின் 'ஃபைல்ஸ்' செயலியில் உள்ள 'சேஃப் ஃபோல்டர்' என்பதை எடுத்துக் காட்டினேன். நான்கு இலக்கம் கேட்டது. அவர் அழுத்தும்போது நான் சுவர்ப் பக்கம் திரும்பிக்கொண்டேன். "மறந்தா திரும்ப வராதுப்பா, எங்கேயாவது எழுதி வச்சுக்கோங்க" என்றேன். ஒரு சீட்டில் எழுதி மடித்தார். எழுந்து போய்ச் சாமான் பெட்டியைத் திறந்து, மூடிப் பூட்டும் சத்தம் கேட்டது.