இரண்டாவது தடவை

சமீபத்தில் ஒரு கவிதைக் கூட்டத்தில் நண்பர் ஒருவர் சொன்னார்: கவிஞன் எதையும் எழுதுவதில்லை, எங்கோ ஒலித்துக்கொண்டிருக்கும் மந்திர ஒலி அவன் காதில் விழுகிறது, அதைப் பிரதி எடுக்கிறான், அவன் வெறும் லேககன். கூட்டம் தலையாட்டியது. தேநீர் வரும்வரை நானும் பேசாமல்தான் இருந்தேன். அந்த மௌனத்துக்குப் பிராயச்சித்தமாக இதை எழுதுகிறேன்.

கேட்பதற்கு அடக்கமாகத் தொனிக்கிற இந்தப் பேச்சைவிட அகங்காரமான பேச்சு கிடையாது. தன் கவிதையில் யாரும் கை வைக்கக்கூடாது என்பதற்கு இதைவிடச் சௌகரியமான ஏற்பாடும் கிடையாது. சவமாகக் கிடக்கும் ஒரு வரியைச் சுட்டிக் காட்டினால் 'அப்படித்தான் வந்தது' என்று பதில் வரும். வந்தது சரி. கேட்டது யார்? எந்தக் காதால்?

நண்பர் சாட்சிக்கு மொஸார்ட்டைக் கூப்பிட்டார். இந்தக் கட்சிக்காரர்கள் எல்லோரும் கூப்பிடுகிற சாட்சிதான். அல்லேக்ரி 1630-களில் ஸிஸ்டைன் தேவாலயத்துக்காக அமைத்த 'மிஸெரேரே', புனித வாரத்தில் மட்டும் பாடப்படுவது. அதைப் பிரதி எடுப்பவன் திருச்சபையிலிருந்து விலக்கப்படுவான் என்று பேச்சு. 1770 ஏப்ரலில் பதினான்கு வயதுப் பையன் ஒருவன் ஒரு தடவை கேட்டான். வீட்டுக்கு வந்து முழுவதையும் எழுதிவிட்டான். இதோ உங்கள் மந்திர லேககன்.

கதை இங்கே நின்றுவிடுவதுதான் மோசடி. அவன் அக்கா பின்னாளில் எழுதிவைத்த குறிப்பில் மிச்சம் இருக்கிறது. எழுதிய பிரதியைத் தொப்பிக்குள் வைத்துக்கொண்டு, சரியாக எழுதியிருக்கிறோமா என்று பார்க்க மறுநாள் மறுபடி போனான். அன்று வேறொரு மிஸெரேரே பாடினார்கள். பெரிய வெள்ளியன்று பழையது திரும்ப வந்தது. கேட்டுவிட்டு வந்து அங்கங்கே திருத்தினான். அப்புறம்தான் பிரதி முடிந்தது. ஒரே அமைப்பு திரும்பத் திரும்ப வருகிற பாடல் அது; பழகிய காதுக்கு அந்தத் திரும்பல் துணை செய்திருக்கும். அப்படியும் அவனுக்குச் சந்தேகம் இருந்தது. மொஸார்ட்டுக்கு இருந்த சந்தேகம் நம் நண்பர்களுக்கு இல்லை.

அதே பாடலைப் பற்றி இன்னொரு கதையும் உண்டு. வியன்னாவின் சக்கரவர்த்தி போப்பிடம் கேட்டு ஒரு பிரதி வாங்கினாராம். பாடவைத்துக் கேட்டால் சப்பென்று இருந்ததாம். ரோமின் பாடகர்கள் பரம்பரையாகச் சேர்த்துப் பாடிய அலங்காரங்கள் ஏட்டில் ஏறியிருக்கவில்லை. எழுதினால் ஒலி செத்துவிடும் என்கிறவர்கள் இந்தக் கதையைக் கேட்டதும் குதூகலிப்பார்கள். நம் பக்கத்தில் இதே சிக்கலுக்கு முகம் கொடுத்தவர் எட்டயபுரம் சுப்பராம தீட்சிதர். கமகம் ஏட்டில் அடங்காது என்று கைவிரித்துவிட்டு அவர் உட்கார்ந்துவிடவில்லை. நொக்கு, ரவை, ஒதுக்கல், ஏற்ற ஜாரு, இறக்க ஜாரு என்று ஒவ்வோர் அசைவுக்கும் ஒரு குறி வைத்தார். அறுபதைத் தாண்டிய வயதில், 1904-இல், தெலுங்கு எழுத்தில் 'ஸங்கீத ஸம்ப்ரதாய ப்ரதர்சினி' அச்சாயிற்று. நம் கீர்த்தனைகளை ஐரோப்பிய ஸ்வரக்குறி முறையில் எழுதி அச்சிட்ட சின்னசாமி முதலியாரின் தூண்டுதல் அதற்குப் பின்னால் உண்டு. இந்தக் குறிகளிலும் எல்லாம் அடங்கிவிடவில்லைதான். ஆனால் அடங்காதது எது என்று தெரிவதற்கே முதலில் இவ்வளவு தூரம் எழுதிப் பார்க்க வேண்டியிருக்கிறது.

ரோமுக்குத் திரும்புகிறேன். இன்று அந்த மிஸெரேரேயில் கேட்பவர்களுக்கு மயிர்க்கூச்செறியும் இடம், ஒரு குரல் திடீரென்று உச்ச ஸ்வரத்துக்கு ஏறுகிற இடம். அல்லேக்ரி அதை எழுதவில்லை என்பது இன்றைய ஆராய்ச்சியின் முடிவு. 1831-இல் மெண்டல்ஸன் அங்கே உயர்ந்த சுருதியில் பாடக் கேட்டதைக் குறித்துவைத்தார். 1880-இல் க்ரோவின் இசை அகராதிக் கட்டுரையில் அந்தத் துண்டு, சுருதி தாழ்ந்த வேறொரு பிரதியோடு ஒட்டுப்போடப்பட்டது. தையல் பிசகிய இடம்தான் அந்த தெய்விகம். பிசகு அழகாக இருக்கிறதே என்று கேட்கலாம். இருக்கட்டும், நானும் ரசிக்கிறேன். ஆனால் அது ஒரு மனிதனின் கைப்பிசகு. அதைத் தேவதையின் குரல் என்று என்னிடம் விற்க வேண்டாம்.

எல்லாப் பிசகும் இவ்வளவு சாதுவானதும் அல்ல. என் கதையைச் சொல்கிறேன். என் அத்தை பாடிய ஒப்பாரியை நாடாவில் பிடித்து, எழுதி, ஒரு பத்திரிகைக்குக் கொடுத்தேன். ஓரிடத்தில் இரைச்சல். 'கொழுந்து' என்று என் காதில் விழுந்தது. வெற்றிலைக் கொழுந்து, வாடிய கொழுந்து என்று எனக்குள் படிமங்கள் கிளைத்தன; அப்படியே எழுதினேன். அந்தப் படிமத்தை மெச்சி ஒரு வாசகர் கடிதமும் வந்தது. மறு பொங்கலுக்கு ஊர் போனபோது அத்தைக்குப் பெருமையாகப் படித்துக் காட்டினேன். அவள் இடைமறித்தாள்: "கொழுந்தயாடா பாடுனேன்? மாமா செத்த மறுமாசமே நெலத்தப் புடுங்குன எங் கொழுந்தனல்லடா பாடுனேன்!"

ஊரே கூடியிருந்த இடத்தில், மைத்துனனுக்கு எதிராக அவள் கொடுத்த ஒரே வாக்குமூலம் அது. வேறு இடத்தில் சொல்ல அவளுக்கு வழி இருக்கவில்லை. நான் அதை ஒரு தளிராக்கிவிட்டேன். நாடா சதி செய்தது என்று தப்பிக்கலாம். உண்மை என்னவென்றால், எனக்கு ஒரு அழகு வேண்டியிருந்தது. என் கவிதைப் பயிற்சி அவள் வாயை அடைத்தது. அச்சுக்குக் கொடுக்கும் முன் ஒரு பஸ் பிடித்துப் போய்க் கேட்டிருக்கலாம், போகவில்லை. பத்திரிகைக்குத் திருத்தம் எழுதினேன். போட்டார்கள், பொடி எழுத்தில்.

ஆகவே, கேட்டதைத்தான் எழுதினேன் என்று யாராவது சொன்னால் எனக்கு இப்போது சந்தேகம் வருகிறது. காது நிரபராதி அல்ல. அதற்கு ஜாதி உண்டு, படிப்பு உண்டு, படித்த கவிதைகளின் ருசி உண்டு. தான் வெறும் லேககன் என்கிறவன் இவற்றுக்கெல்லாம் கணக்குக் காட்டாமல் நழுவுகிறான்.

நண்பரின் மந்திர ஒலி இருக்கிறதா, இல்லையா என்று நான் வழக்காட வரவில்லை. இருக்கட்டும். அவருடைய அடுத்த தொகுப்பு அச்சுக்குப் போகும் முன் பிரதியைத் தொப்பிக்குள் வைத்துக்கொண்டு இன்னொரு தடவை போய்க் கேட்டுவிட்டு வரட்டும்.