அறிமுகத்துக்கு முன்னால்

ஆண்டுக்கணக்கில் வீடுதோறும் பார்க்கப்பட்ட ஒரு சீரியல் நடிகையின் பெயருக்கு முன்னால் ‘அறிமுகம்’ என்று போட்டு ஒரு பட விளம்பரம் இந்த வாரம் வந்திருக்கிறது. எரிச்சலாக இருக்கிறது. உதாரணத்துக்கு, பிரியா பவானி சங்கர் புதிய தலைமுறையில் செய்தி வாசித்து, விஜய் டிவியின் ‘கல்யாணம் முதல் காதல் வரை’ தொடரில் நடித்து, அதன் பிறகே 2017இல் ‘மேயாத மான்’ படத்துக்கு வந்தார். செய்தி அறையும் சீரியல் தளமும் அவருடைய தொழில் வாழ்க்கையில் சேராது என்றால் எங்கேதான் சேரும்? வெள்ளித்திரையில் முகம் தெரிந்த நாளையே நடிகைக்குப் பிறந்தநாளாக்கும் நம் பழக்கத்தைப் பற்றி இந்தப் பத்தியில் முன்பும் புலம்பியிருக்கிறேன். அந்தப் பழக்கத்தால் அதிகம் இழப்பது சீரியல் நடிகைகள்கூட அல்ல. கேமராவுக்குப் பின்னால் நின்ற பெண்கள்.

சுஹாசினியை எடுத்துக்கொள்வோம். அவருடைய தொடக்கம் என்றால் எல்லோரும் 1980இல் வந்த மகேந்திரனின் ‘நெஞ்சத்தைக் கிள்ளாதே’யைச் சொல்வார்கள்; அதிகாலையில் ஓடும் அந்தப் பெண்ணைச் சொல்வார்கள். ஆனால் அவர் அடையாறு திரைப்படக் கல்லூரியில் படித்தது ஒளிப்பதிவு. தொழிலுக்குள் நுழைந்தது ஒளிப்பதிவாளர் அசோக்குமாரின் உதவியாளராக. லென்ஸ் மாற்றவும், மீட்டர் பார்க்கவும், வெளிச்சம் போகுமுன் ஷாட்டை முடிக்கவும் கற்கிற இடம் அது. அசோக்குமார் லேசான ஆசிரியரும் அல்ல. அதே ‘நெஞ்சத்தைக் கிள்ளாதே’தான் அவருக்கு ஒளிப்பதிவுக்கான தேசிய விருதைத் தந்தது. இவ்வளவையும் வாழ்க்கைக் குறிப்புகள் ஒரு வரியில் சுவையான தகவலாகச் சொல்லிவிட்டு, கதாநாயகி ஆனதிலிருந்துதான் கணக்கைத் தொடங்குகின்றன.

சாருஹாசனின் மகள், கமலின் அண்ணன் மகள், வாய்ப்பு எப்படியும் வந்திருக்கும் என்பார்கள். குடும்பம் கதவைத் திறந்திருக்கலாம், மறுக்கவில்லை. அந்தக் கதவு வழியே போய் ஒளிப்பதிவுத் துறையில் நிற்கப் பெண்கள் யாரும் அன்று வரிசை கட்டவில்லை. இன்னொரு மறுப்பு இதைவிட வலுவானது: அவர் ஒளிப்பதிவாளராகத் தொடரவில்லை, பிறகு அந்தப் பயிற்சியால் என்ன பயன்? ‘சிந்து பைரவி’க்கு அவர் பெற்ற தேசிய விருதில் லென்ஸ் அறிவின் பங்கு எவ்வளவு என்று யாராலும் அளந்து சொல்ல முடியாது. ஆனால் 1991இல் தூர்தர்ஷனுக்காக ‘பெண்’ தொடரையும், 1995இல் ‘இந்திரா’ படத்தையும் இயக்கியவரை, நடித்துக்கொண்டே இயக்கம் பழகியவர் என்று மட்டும் எழுதுவது தவறு. ஷாட் எப்படி உருவாகிறது என்பதை அவர் நடிக்க வருமுன்பே படித்தவர்.

அசோக்குமாரிடமே உதவியாளராக ‘நெஞ்சத்தைக் கிள்ளாதே’யில் பணிபுரிந்த இன்னொரு பெண் பி.ஆர்.விஜயலட்சுமி, இயக்குநர் பி.ஆர்.பந்துலுவின் மகள். அவர் ஒளிப்பதிவிலேயே தொடர்ந்தார். 1985இல் பாக்யராஜின் ‘சின்ன வீடு’ அவருடைய கேமராவில் வந்தது. ஒரே ஒளிப்பதிவாளரிடம் தொழில் பழகிய இரண்டு பெண்கள். நடிக்கப் போனவரின் பெயர் தமிழ்நாட்டில் தெரியாதவர் இல்லை. கேமராவை விடாமல் பிடித்தவரின் பெயரைச் சொன்னால் சினிமா ரசிகர்களிலேயே பலர் யார் என்று கேட்கிறார்கள். ‘சின்ன வீடு’ தொலைக்காட்சியில் இன்னமும் ஓடுகிறது. அடுத்த முறை டைட்டிலில் ஒளிப்பதிவு என்று வரும் இடத்தைப் பாருங்கள்.