ஹலாலா என்று கேட்கிறோம், எண்ணெயைக் கேட்கிறோமா?



கொஞ்சம் நீண்ட பதிவு. பாதியில் நிறுத்திவிட்டு கீழே வந்து சண்டை பிடிக்காமல், முழுவதும் வாசித்துவிட்டுப் பிடியுங்கள்.

கடந்த கிழமை நம்மூர் வட்ஸ்அப் குழுக்களில் ஒரு குரல் பதிவு சுற்றியது. பேசியவர் யார் என்பது இங்கே தேவையில்லை. சொன்ன விஷயம் இதுதான்: நம் பிள்ளைகள் மஃரிப் முடிந்த கையோடு பொரித்த கோழிக் கடைகளின் வாசலில் நிற்பதற்குக் காரணம், உம்மாமார் சோம்பேறிகளாகிவிட்டார்களாம். போனைக் கையில் வைத்துக்கொண்டு அடுப்பை மறந்துவிட்டார்களாம். கேட்டவர்களில் பாதிப் பேர் "மாஷா அல்லாஹ், உண்மை" என்று போட்டு வேறு குழுக்களுக்கும் அனுப்பினார்கள். அனுப்பியவர்கள் அநேகமாக ஆண்கள்.

இதைக் கேட்டுவிட்டு நம்மால் சும்மா இருக்க முடியவில்லை. பள்ளிக்கூடத்தில் பிள்ளைகளோடு தினமும் இருக்கும் நமக்கு அந்த வீடுகளின் காலை நேரமும் தெரியும். சுபஹுக்கு எழும்பி, புட்டோ ரொட்டியோ செய்து, மூன்று பிள்ளைகளுக்குச் சாப்பாட்டுப் பெட்டி கட்டி, வெள்ளைச் சீருடையை அயன் பண்ணி, கடைக்குட்டியைக் கையில் பிடித்துக்கொண்டு கேற் வரை வருவது யார்? பெற்றோர் கூட்டத்துக்கு வருவது யார்? பகல் சமையல், மதரஸாவுக்கு அனுப்புவது, மாமியாருக்கு மருந்து கொடுப்பது, இடையில் தையலோ டியூஷனோ என்று நாலு காசு தேடுவது யார்? அந்த உம்மா இரவு எட்டு மணிக்கு, "இண்டைக்குக் கடையில எடுத்துத் தின்னுங்க மகன்" என்று சொன்னால் அதற்குப் பெயர் சோம்பல் இல்லை, களைப்பு.

கடை வாசலில் நிற்பவர்களையும் ஒரு நாள் எண்ணிப் பாருங்கள். மோட்டார் சைக்கிளில் முன்னால் ஒரு பிள்ளை, பின்னால் ஒரு பிள்ளை, நடுவில் வாப்பா. காசை எடுத்துக் கொடுப்பவரும் அவர்தான். அப்படியிருக்கப் பழி மட்டும் எப்படி அடுப்படிக்குப் போனது?

ஆனால் குரல் பதிவு தொட்ட பிரச்சினை பொய் இல்லை. அதை மூடி மறைக்கவும் நாம் வரவில்லை.

இனிப்பும் உறைப்புமாய்ச் சோஸ் பிரட்டிய கோழிச் செட்டை இப்போது நம்மூர்ப் பிள்ளைகளின் தேசிய உணவாகிவிட்டது. வகுப்பில் நேற்று இரவு என்ன சாப்பாடு என்று கேட்டால், "விங்ஸ் சேர்" என்று சொல்லும் பிள்ளைகள் கிழமைக்குக் கிழமை கூடுகிறார்கள். அதைச் சாப்பிடுவதை நாம் குற்றம் சொல்லவில்லை. அது ருசியான சாமான், நாமும் சாப்பிடுகிறோம். நமது கேள்வி வேறு. அந்தத் தாச்சியில் இருக்கும் எண்ணெய் எத்தனையாவது நாள் எண்ணெய்?

2013ஐ நினைத்துப் பாருங்கள். ஹலால் சான்றிதழுக்கு எதிராகப் பொது பல சேனா நாடு முழுக்கப் பிரசாரம் செய்தது. ஜம்இய்யதுல் உலமா சபை வழங்கி வந்த அந்தச் சான்றிதழ் வேலை, அடுத்த வருடமே தனியான ஒரு நிறுவனத்துக்குக் கைமாற வேண்டி வந்தது. அந்த நாட்களில் நாம் எவ்வளவு கொதித்தோம்! என்ன சாப்பிடுகிறோம் என்று அறிவது எங்கள் உரிமை என்று எவ்வளவு பேசினோம்! அந்த உரிமையை நம் சொந்தத் தெருமுனைக் கடையில் நாம் ஒரு நாளாவது பாவித்தோமா? குர்ஆன் உணவைப் பற்றிப் பேசும்போது ஹலால் என்பதோடு தையிப் என்பதையும் சேர்த்தே சொல்கிறது. தூய்மையானது, நல்லது, உடம்புக்குக் கேடில்லாதது. முதல் சொல்லுக்காகத் தெருவில் இறங்கத் தயாராக இருந்த நாம், இரண்டாவது சொல்லை அப்படியே விட்டுவிட்டோம். அறுத்தது பிஸ்மி சொல்லித்தான், சரி. பொரித்தது எதில்?

திரும்பத் திரும்பக் காய்ச்சிய எண்ணெயை அறிய ஆய்வுகூடம் தேவையில்லை. நிறம் கறுத்திருக்கும். கோழியைப் போட்டதும் நுரை பொங்கி அடங்காது. சூடேறும் முன்னமே புகைக்கும். கையில் தொட்டால் பசை மாதிரி இழுக்கும். ஒவ்வொரு முறை காய்ச்சும்போதும் எண்ணெய் உடைந்து, உடம்புக்கு ஆகாத பொருட்கள் அதில் சேர்ந்துகொண்டே போகும். சோஸை மேலே ஊற்றிவிட்டால் அந்தக் கசப்பு நாக்குக்குத் தெரியாது.

அந்தச் சோஸின் சீனியையும் பேச வேண்டும். 2016 முதல் நம் நாட்டில் இனிப்புப் பானப் போத்தல்களில் சிவப்பு, மஞ்சள், பச்சை நிறப் புள்ளி போடுகிறார்கள். 100 மில்லிலீற்றரில் 11 கிராமுக்கு மேல் சீனி இருந்தால் சிவப்பு. நம் பிள்ளைகளுக்கு அது மனப்பாடம், பரீட்சையில் சரியாக எழுதுவார்கள். விங்ஸ் பெட்டியில் புள்ளி இல்லை. கூடவே குடிக்கும் போத்தலில் புள்ளி இருக்கிறது, அதையும் யாரும் பார்ப்பதில்லை. ஒரு நாளைக்கு 50 கிராமுக்குக் கீழே, முடிந்தால் 25 கிராமுக்குக் கீழே சீனி என்று உலக சுகாதார நிறுவனம் சொல்வது வளர்ந்தவர்களுக்கு. ஒவ்வொரு வீட்டிலும் ஒருவருக்காவது சீனி வருத்தம் இருக்கும் ஊரில் இதை விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

அப்படியென்றால் என்ன செய்வது? நாம் சொல்வது இலேசான விஷயம். வீட்டில் செய்யுங்கள். செய்வது உம்மா அல்ல, வாப்பாவும் பெடியன்மாரும்.

சிரிக்காதீர்கள், செய்து பார்த்துத்தான் சொல்கிறோம். கடந்த வருடம் நமது சாதாரண தரப் பெடியன்மார் பரீட்சைக்கு முன் ஒரு விங்ஸ் பார்ட்டி கேட்டார்கள். காசு சேர்த்துக் கடையில் எடுப்பது அவர்கள் திட்டம். அதே காசுக்குச் சந்தையில் இறைச்சி வாங்கி நாமே செய்வோம் என்று ஆசிரியர்கள் மூன்று பேர் சொன்னோம். ஒரு கிலோ செட்டையில் பத்துப் பன்னிரண்டு முழுச் செட்டை வரும். மூட்டில் இரண்டாக வெட்டினால் இருபதுக்கு மேல் துண்டு. கடையில் ஒரு சின்னப் பெட்டிக்குக் கொடுக்கும் காசை வைத்து அவர்களே கணக்குப் போட்டார்கள், வாயடைத்துப் போனார்கள்.

முதல் தாச்சி நாசமாய்ப் போனது. அறிவாளிகள் நாம், இறைச்சி ஊறும்போதே பாணியையும் சேர்த்து விட்டோம். வெளியே கரி, எலும்போரம் இரத்தம். பெடியன்மார் விழுந்து விழுந்து சிரித்தார்கள். ஆனால் சீனி சீக்கிரம் கருகும், அதனால் இனிப்பு கடைசியில்தான் சேர வேண்டும் என்ற பாடத்தை அவர்கள் ஆயுளுக்கும் மறக்கப் போவதில்லை. இரண்டாவது தாச்சி கடையைத் தோற்கடித்தது.

முறை இதுதான். ஒரு கிலோவுக்கு எழுதுகிறோம், சேமித்து வையுங்கள்.

கழுவுவதானால் குழாயைத் திறந்துவிட்டு அடிக்காதீர்கள், தண்ணீர் தெறித்துக் கிருமி எங்கும் பரவும். ஒரு பாத்திரத்துக்குள் மெதுவாகக் கழுவி, அந்த இடத்தைச் சவர்க்காரம் போட்டுத் துடையுங்கள். பிறகு இறைச்சியின் ஈரத்தை நன்றாக ஒற்றி எடுங்கள். ஈரம் இருந்தால் மொறுமொறுப்பு வராது, எண்ணெயும் வெடிக்கும்.

உப்பு ஒன்றரைத் தேக்கரண்டி, கொச்சிக்காய்த்தூள் 2 தேக்கரண்டி, மிளகுத்தூள் 1, மஞ்சள் அரை, அரைத்த இஞ்சி உள்ளி ஒரு மேசைக்கரண்டி, அரைத் தேசிக்காய்ப் புளி. பிரட்டி ஒரு மணித்தியாலமாவது குளிர்சாதனப் பெட்டியில் வையுங்கள். பொரிக்கும் முன் பச்சை அரிசி மா 4 மேசைக்கரண்டி, சோள மா 4 மேசைக்கரண்டி கலந்து பிரட்டுங்கள்.

எண்ணெயில் மரக்கரண்டிக் காம்பை வைத்தால் சுற்றிச் சின்னச் சின்னக் குமிழி வர வேண்டும். அதுதான் பதம். நெருப்பை நடுத்தரமாக வைத்து, ஒரு முறைக்கு ஏழெட்டுத் துண்டு மட்டும் போட்டு, 8 முதல் 10 நிமிடம் பொரியுங்கள். எடுத்து வடிய விட்டுப் பத்து நிமிடம் பொறுங்கள். பிறகு நெருப்பைக் கூட்டி இன்னொரு முறை 2, 3 நிமிடம். இந்த இரண்டாவது பொரியலில்தான் தோல் மொறுமொறுக்கும். ஒரு துண்டை எலும்போரம் பிளந்து பாருங்கள், வடியும் நீர் தெளிவாக இருக்க வேண்டும்.

வேறு சட்டியில் கொஞ்ச எண்ணெய் விட்டு, கொத்திய உள்ளி 5 பல்லு, இடித்த செத்தல் கொச்சிக்காய் 2 தேக்கரண்டி. வாசம் வந்ததும் கித்துள் பாணி 3 மேசைக்கரண்டி, தக்காளிச் சோஸ் 2, சோயா சோஸ் 1. கொதித்துத் தடித்ததும் அடுப்பை நிறுத்தி, தேசிக்காய்ப் புளி விட்டு, பொரித்த செட்டையைக் கொட்டிப் பிரட்டுங்கள். இதில் ஒரு துண்டுக்கு வரும் சீனி ஏறக்குறைய 2, 3 கிராம்தான். நம்மூர் டெவல் கோழியை ருசித்த நாக்குக்கு இது புதிசும் இல்லை.

இனி வரப்போகும் பதில்களுக்கு முன்கூட்டியே பதில்.

கடைக்காரத் தம்பிமாரின் வயிற்றில் அடிக்கிறீர்களா என்று கேட்பீர்கள். இல்லை. அவர்களில் பலர் நம்மிடம் படித்தவர்கள். வெளிநாடு போகாமல் ஊரில் தொழில் செய்கிறார்கள், துஆச் செய்கிறோம். சுத்தமாகச் செய்யும் தம்பி இந்தப் பதிவுக்குப் பயப்படத் தேவையில்லை. "எண்ணெய் எப்ப மாத்தின தம்பி?" என்று கேட்டால் அவர் சந்தோசமாகத் தாச்சியைக் காட்டுவார். முகம் சுளிப்பவரிடம் வாங்காதீர்கள். அழுக்காகச் செய்தால் சுகாதார வைத்திய அதிகாரி பணிமனை இருக்கிறது, 1980ஆம் ஆண்டின் 26ஆம் இலக்க உணவுச் சட்டம் இருக்கிறது. பி.எச்.ஐ. வந்தால் சிபாரிசுக்கு ஓடும் நம் பெரியவர்கள் அந்தப் பழக்கத்தை விட்டாலே பாதி வேலை முடியும்.

வீட்டிலும் பழைய எண்ணெய்தானே என்பீர்கள். உண்மை. நம் அடுப்படிகளில் அந்தக் கறுத்த போத்தல் இருக்கிறது. வடித்து வைத்து ஒன்றிரண்டு முறை பாவியுங்கள், கறுத்தால் தூர வீசுங்கள். கடைக்கு ஒரு சட்டம், வீட்டுக்கு ஒரு சட்டம் இல்லை.

பொரியல் எப்படியும் கெடுதிதானே என்பீர்கள். அதுவும் சரி. அதனால்தான் வீட்டில் செய்யச் சொல்கிறோம். உள்ளி உரித்து, பொரித்து, தாச்சி கழுவினால் கிழமைக்கு மூன்று தரம் யாருக்கும் ஆசை வராது. மாதம் ஒன்றிரண்டு தரம் போதும்.

ஆம்பிளைப் பிள்ளை அடுப்படியிலா என்பவர்களுக்கு ஒன்றுதான். நபி ஸல்லல்லாஹு அலைஹி வஸல்லம் அவர்கள் வீட்டில் இருக்கும்போது குடும்பத்தாரின் வேலைகளில் கூடமாட உதவினார்கள் என்று அன்னை ஆயிஷா ரலியல்லாஹு அன்ஹா அறிவித்திருக்கிறார்கள். நாம் யார் அதற்கு மேல் கௌரவம் பார்க்க?

அந்தப் பார்ட்டி முடிந்து இரண்டு கிழமையில் ஒரு உம்மா பள்ளிக்கூடத்துக்கு வந்தார். மகன் வெள்ளிக்கிழமை இரவு அவரைப் புட்டுவத்தில் இருத்திவிட்டு, தானும் தம்பியுமாகச் செட்டை பொரித்துக் கொடுத்தானாம். அடுப்படி நாசம்தான் சேர், ஆனா கலியாணம் முடிச்சு பதினெட்டு வருசத்தில இண்டைக்குத்தான் சூடா இருந்து சாப்பிட்டேன் என்று சொன்னார். சொல்லும்போது கண் கலங்கியது.

அந்தக் குரல் பதிவைப் பகிர்ந்த சகோதரர்களே, இதையும் பகிருங்கள். பகிர்ந்த கையோடு வருகிற வெள்ளிக்கிழமை ஒரு கிலோ செட்டை வாங்கி, மகனையும் கூட்டிக்கொண்டு அடுப்படிக்குப் போங்கள். கடைசியில் தாச்சியையும் நீங்களே கழுவுங்கள்.

வஸ்ஸலாம்.