பால் தொழிலும் தொழிலாளர் கல்வியும்

உலகத்திலே மிகுதியாகப் பால் உற்பத்தி செய்யும் தேசம் நமது தேசமே என்பது இப்போது பள்ளிப் பிள்ளைகளுக்கும் தெரிந்த சங்கதி. 1998-ம் வருஷம் முதல் அந்த ஸ்தானம் நம்மை விட்டு அகலவில்லை. சர்க்கார் கணக்குப்படி 2023-24-ல் இத்தேசத்தில் கறந்த பால் 23 கோடியே 93 லட்சம் டன். உலகத்துப் பாலில் ஏறக்குறைய நாலில் ஒரு பங்கு. மந்திரிமார்களின் பிரசங்கங்களில் இத்தொகை அடிக்கடி அடிபடுகிறது. அடிபடட்டும், பெருமைப்பட வேண்டிய விஷயந்தான். ஆனால் இந்தப் பாலைக் கறக்கிறவர்களுக்கும், அளக்கிறவர்களுக்கும், பரீக்ஷிக்கிறவர்களுக்கும், காய்ச்சிக் குளிரவைத்துப் பையில் அடைக்கிறவர்களுக்கும் அவரவர் தொழிலை யார் சொல்லிக் கொடுத்தார், எப்போது சொல்லிக் கொடுத்தார் என்று கேட்டால், பிரசங்கம் அங்கேயே நின்றுவிடுகிறது.

இது வீண் கேள்வி என்று நினைப்பவர்களுக்கு ஒரு கணக்கைக் காட்டுகிறோம். இந்திய உணவுப் பாதுகாப்பு அதிகார சபையார் 2018-ல் தேச முழுவதும் 1,103 பட்டணங்களில் 6,432 பால் மாதிரிகளை எடுத்துச் சோதித்து, 2019 அக்டோபரில் முடிவைப் பிரசுரம் செய்தார்கள். பாலில் விஷப் பொருளைக் கலந்து விற்கிறார்கள் என்று நாமெல்லோரும் கூச்சலிட்டுக் கொண்டிருந்த காலம் அது. சோதனையில் உயிருக்குக் கேடான கலப்படம் கண்டது 12 மாதிரிகளில் மட்டுமே. ஆனால் 368 மாதிரிகளில் அஃப்ளடாக்ஸின் என்னும் பூஞ்சண விஷம் வரம்புக்கு மேல் இருந்தது. 77-ல் மாட்டுக்குப் போட்ட நுண்ணுயிர்க் கொல்லி மருந்தின் மிச்சம் இருந்தது. பூஞ்சண விஷத்தில் முதலிடம் பெற்ற மாநிலம் எது? நமது தமிழ் நாடே. இங்கே எடுத்த 551 மாதிரிகளில் 88 பழுது.

இந்த விஷத்தை யாரும் கலக்கவில்லை. ஈரம் பட்ட கடலைப் பிண்ணாக்கிலும் பருத்திக்கொட்டைப் பிண்ணாக்கிலும் மக்காச்சோளத்திலும் பூஞ்சணம் பூக்கிறது. அதை மாடு தின்கிறது. மாட்டின் உடம்பிலே மாறி அது மடியில் இறங்குகிறது. பாலைக் காய்ச்சினாலும் அது போகாது. மூட்டையைத் தரையில் போடாமல் பலகை மேல் அடுக்கி, சுவரிலிருந்து தள்ளிவைத்து, பூத்த பிண்ணாக்கை மாட்டுக்கு வைக்காமல் எறிந்துவிட வேண்டும் என்பதைத் தெரிந்தவர் வீட்டில் இந்த விஷம் பெரும்பாலும் தலைகாட்டாது. அவ்வாறே ஊசி போட்ட மாட்டின் பாலை, வைத்தியர் சொன்ன நாட்கள் கழியும் வரையில் பொதுக் கேனில் ஊற்றலாகாது. இவற்றைத் தெரியாமல் செய்பவரைத் திருடனைப் போல் நடத்துவதில் என்ன பிரயோஜனம்? கலப்படக்காரனுக்குச் சட்டமும் சிறையும் உண்டு. தெரியாதவனுக்குச் சொல்லிக் கொடுக்க ஆள் எங்கே?

கறக்கும் வித்தையையே எடுத்துக் கொள்வோம். வித்தை என்று சொன்னால் சிலர் சிரிப்பார்கள். தாத்தா காலத்திலிருந்து கறக்கிறோம், இதில் படிக்க என்ன இருக்கிறது என்பார்கள். நமது கிராமாந்தரங்களில் கட்டை விரலை மடக்கி, அதன் முட்டியில் காம்பை நெருக்கிப் பீய்ச்சும் வழக்கம் பரவலாக இருக்கிறது. இதனால் காம்பின் உட்புறம் நைந்து நாளடைவில் மடிநோய்க்கு இடம் கொடுக்கிறது. முழுக் கையாலும் பிடித்துக் கறப்பதே சரியான முறை. கறந்து முடித்தபின் சுமார் அரை மணி நேரம் காம்பின் துவாரம் திறந்தே இருக்கும். அதற்குள் மாடு சாணியில் படுத்தால் கிருமி உள்ளே ஏறும். கறந்த கையோடு கொஞ்சம் தீனி போட்டால் மாடு நின்றுகொண்டே தின்னும், அவ்வளவுதான் மருந்து. வீடு வீடாகப் போய்க் கறந்து கொடுக்கும் கறவைக்காரர் ஒரு தொழுவத்துக்கும் அடுத்த தொழுவத்துக்கும் இடையே கை கழுவாவிட்டால், நோய் அவர் விரல் வழியாகவே தெருவைச் சுற்றி வருகிறது. நிலமில்லாத அந்த ஏழைத் தொழிலாளி எந்தச் சங்கத்திலும் அங்கத்தினர் அல்லர். எந்தப் பயிற்சிக்கும் அவருக்கு அழைப்பு வருவதில்லை.

அழைப்பு வராதவர்களில் பெருந்தொகையினர் ஸ்திரீகள். தீனி வைப்பது, தண்ணீர் காட்டுவது, தொழுவம் கூட்டுவது, கன்றைப் பார்ப்பது, மிகப் பல வீடுகளில் கறப்பது, கறந்ததைச் சொசைட்டிக்குத் தூக்கிப் போவது எல்லாம் அவர்கள் வேலை. ஆயினும் தேச முழுவதிலும் பால் கூட்டுறவுச் சங்கங்களின் அங்கத்தினர் பட்டியலில் பெண் பெயர்கள் மூன்றில் ஒரு பங்கு அளவே. மாடு யார் பெயரில் இருக்கிறதோ அவரையே பயிற்சிக்கு அனுப்புகிறார்கள். அவர் பட்டணத்துக்குப் போய் இரண்டு நாள் பிரசங்கம் கேட்டு, சாப்பிட்டு, ஒரு பையும் குறிப்புப் புஸ்தகமும் வாங்கிக்கொண்டு திரும்புகிறார். மாட்டண்டை உட்காருகிறவளுக்கு அதில் ஓர் அக்ஷரமாவது போய்ச் சேருகிறதா?

இனிச் சொசைட்டியின் பரீக்ஷை மேஜைக்கு வருவோம். பாலுக்கு விலை அதன் கொழுப்பையும், கொழுப்பல்லாத திடச் சத்தையும் பார்த்துப் போடப்படுகிறது. ஆகையால் குடியானவனுடைய அன்றாட வருமானம் பரிசோதகர் கையில் இருக்கிறது. முன்னெல்லாம் அவர் பத்து மில்லிலிட்டர் கந்தகத் திராவகத்தில் 10.75 மில்லிலிட்டர் பாலைவிட்டு, அமில் ஆல்கஹால் சேர்த்து, சுழற்றி, குழாயில் ஏறும் கொழுப்பின் அளவைப் பார்த்துச் சொல்லுவார். இப்போது பல ஊர்களில் ஒரு சிறு பெட்டி வந்திருக்கிறது. ஒரு நிமிஷத்துக்குள் எல்லாக் கணக்கையும் காட்டிவிடுகிறது. நல்ல யந்திரமே. ஆனால் அதை நாள்தோறும் கழுவ வேண்டும். அவ்வப்போது பழைய முறைப்படி சோதித்து அதன் கணக்கு சரிதானா என்று ஒப்பிட வேண்டும். பொத்தானை அழுத்த மட்டும் கற்றவர், குழாயில் அழுக்கேறிப் பெட்டி பொய் சொல்லும்போது அந்தப் பொய்யையே சீட்டில் அச்சடித்துக் கொடுப்பார். ‘நேற்று இதே மாடு, இதே தீனி, இன்றைக்கு ஏன் குறைந்தது?’ என்று ஓர் அம்மாள் கேட்டால் அவரால் பதில் சொல்ல முடியாது. சங்கத்தின் மீது ஜனங்களுக்கு அவநம்பிக்கை பிறக்கும் இடம் இதுதான். அங்கிருந்து அவர்கள் தனியார் வண்டிக்குப் பாலை ஊற்றப் போகிறார்கள்.

பால் பதனிடும் நிலையங்களில் நிலைமை இன்னும் கடுமை. அங்கே பாலை 72 டிகிரிச் சூட்டில் 15 விநாடி வைத்து உடனே குளிர்விக்க வேண்டும். குழாய்களைக் காஸ்டிக் சோடாக் கரைசலாலும் அமிலத்தாலும் வெந்நீராலும் முறைப்படி கழுவ வேண்டும். குளிரூட்டும் அம்மோனியா கசிந்தால் உயிருக்கு ஆபத்து. இத்தகைய இடத்தில் வேலை செய்பவர்களில் பலர் ஒப்பந்தக்காரர் மூலம் வரும் கூலிகள். 2024 ஆகஸ்டில் நமது மாநிலத்துப் பால் நிலையம் ஒன்றில் ஓர் இளம் பெண் தொழிலாளி யந்திரத்தில் சிக்கி மாண்டார். காரணம் பயிற்சியின்மையே என்று விசாரணையின்றித் தீர்ப்புச் சொல்ல நாம் வரவில்லை. புதிதாக ஒருவரை யந்திரத்தின் அருகே நிறுத்தும்முன் எத்தனை நாள் கற்பித்தோம் என்று ஒவ்வொரு நிலையத்தாரும் எழுத்தில் காட்டக் கடமைப்பட்டவர்கள் என்று மட்டும் சொல்லுகிறோம்.

யந்திரங்கள் இன்னும் வரும். கிராமங்களில் குளிரூட்டும் தொட்டிகள் வந்த இடங்களில் 40 லிட்டர் கேன்களைத் தூக்கி இறக்கிய ஆட்களுக்கு வேலை குறைந்தது. பை அடைக்கும் இடத்திலும் நாளை இதுவே நடக்கும். அந்த ஆட்கள் எங்கே போவது?

இதற்குச் சட்டம் ஒரு வழி சொல்லியிருக்கிறது. 2020-ல் நிறைவேறி 2025 நவம்பர் 21 முதல் அமலுக்கு வந்திருக்கும் தொழிலுறவுச் சட்டத் தொகுப்பில், தொழிலாளரின் மறுபயிற்சிக்கென்று ஒரு நிதி ஏற்படுத்தப்பட்டிருக்கிறது. ஆட்குறைப்பில் நீக்கப்பட்ட ஒவ்வொரு தொழிலாளிக்கும் அவர் கடைசியாக வாங்கிய சம்பளத்தில் 15 நாட் தொகையை முதலாளி அந்நிதியில் கட்ட வேண்டும். 45 நாட்களுக்குள் அது தொழிலாளியின் கணக்கில் சேர வேண்டும். யாதொன்றும் இல்லாமலிருந்ததற்கு இது மேல் என்று ஒப்புக்கொள்கிறோம். ஆனால் சட்டம் படித்த கண்ணோடு இதைப் பார்த்தால் இரண்டு குறைகள் புலப்படும். முதலாவது, வேலை போன பிறகே பணம் பிறக்கிறது. அடுப்பில் உலையேற வழியில்லாதவர் அந்தப் பதினைந்து நாட் கூலியை அரிசிக் கடையில் கொடுப்பாரா, பயிற்சிப் பள்ளியில் கொடுப்பாரா? இரண்டாவது, குறித்த காலத்துக்கென்று எழுதி வேலைக்கு எடுத்தவரை அக்காலம் முடிந்து அனுப்பினால் அது ஆட்குறைப்பே ஆகாது என்று அதே சட்டம் கூறுகிறது. பயிற்சி யாருக்கு அதிகம் வேண்டுமோ அவர் வாசலுக்கு வெளியே நிற்கிறார்.

வேலையில் இருக்கும்போதே, பொதுப் பணத்தில், ஒரு தொழிலிலிருந்து மற்றொரு தொழிலுக்கு மனிதனை மாற்ற முடியுமா என்று சந்தேகிப்பவர்கள் ஆனந்த் நகரத்தின் சரித்திரத்தைப் பார்க்கலாம். 1946 ஜனவரியில் சமர்க்கா கிராமத்தில் கூடிய கைரா ஜில்லாக் குடியானவர்கள், பால் கொள்முதலில் போல்ஸன் கம்பெனியின் ஏகபோகத்தை எதிர்த்து நின்றார்கள். அவ்வருஷம் டிசம்பர் 14-ம் தேதி அவர்களுடைய கூட்டுறவு யூனியன் பதிவாயிற்று. தலைவர் திரிபுவன்தாஸ் படேல். 1949 மே மாதத்தில் அங்கே வந்து சேர்ந்த வர்கீஸ் குரியனோ, நமது சென்னை கிண்டிக் கல்லூரியில் யந்திரப் பொறியியல் படித்தவர். பால் தொழிலை அவர் விரும்பித் தேடியதில்லை. சர்க்கார் உபகாரச் சம்பளத்தில் அமெரிக்காவுக்கு அனுப்பினார்கள். அந்தக் கடனுக்காக வேண்டா வெறுப்பாக ஆனந்துக்கு வந்தார். எருமைப் பாலைப் பொடியாக்க முடியாது என்று மேல்நாட்டு நிபுணர்கள் சாதித்தபோது, அவருடைய நண்பர் தலாயா அதைச் செய்து காட்டினார். 1955-ல் தொழிற்சாலையே எழும்பிவிட்டது. பொறியியல்காரரைப் பால்காரராக்கப் பொதுப் பணம் செலவழிந்ததே, அது நஷ்டமா? கேன் தூக்குகிறவரைக் குளிரூட்டும் தொட்டியின் மேற்பார்வையாளராக்க அதில் நூற்றில் ஒரு பங்கு செலவழிப்பது மட்டும் எப்படி நஷ்டமாகும்?

பெரியவர்கள் கற்க வெட்கப்பட்டதுமில்லை. 1927-ல் மகாத்மா காந்தி, ஐம்பத்தேழு வயது கடந்த நிலையில், மாளவியாஜியுடன் பெங்களூர் சர்க்கார் பால் பண்ணைக்குப் போய்ப் பசு பராமரிப்பைக் கேட்டுக் கற்றார். பார்வையாளர் புஸ்தகத்தில் தம்மைச் சபர்மதிக் குடியானவர் என்று எழுதி வைத்தார்.

நமது தேசபக்தர்கள் ஒரு காலத்தில் டென்மார்க்கைப் பற்றி ஓயாமல் பேசினார்கள். இப்போது ஏனோ மறந்துவிட்டார்கள். 1870-களில் அமெரிக்க, ருஷ்யத் தானியம் மலிவாக வந்து குவிந்தபோது, தானியம் விற்றுப் பிழைத்த அந்தச் சின்னஞ்சிறு தேசத்தின் குடியானவர்கள் வெண்ணெய்த் தொழிலுக்கு மாறினார்கள். 1882-ல் ஹியடிங் கிராமத்தில் அவர்களுடைய முதல் கூட்டுறவுப் பால் நிலையம் தோன்றியது. 1895-ல் வேயன் என்னும் ஊரில் பசு வாரியாகப் பாலைக் கணக்கிடும் சங்கம் ஏற்பட்டது. இதற்கெல்லாம் அடியில் 1844 முதல் நடந்துவந்த ஜனப் பள்ளிகள் இருந்தன. வயல் வேலை ஓய்ந்த குளிர்கால மாதங்களில் குடியானவ வாலிபர்கள் அங்கே தங்கிப் படித்தார்கள். குடியானவனின் ஓய்வுக் காலத்தைப் பார்த்துப் பள்ளி நடந்தது என்பதைக் கவனிக்க வேண்டும். ஆனால் அதே சரித்திரத்தில் ஒரு கசப்பும் உண்டு. பண்ணைகளில் வெண்ணெய் கடைந்து பேர் பெற்ற பெண்கள், நீராவி யந்திரம் வந்த பின் மெல்ல மெல்ல ஒதுக்கப்பட்டார்கள். வித்தை ஆண்கள் கைக்கு மாறிற்று. நமது ஊர்களில் அது மறுபடியும் நடக்க விடலாகாது.

நம்மிடம் ஸ்தாபனங்கள் இல்லாமலில்லை. ஈரோட்டில் தேசியப் பால்வள அபிவிருத்தி வாரியத்தின் பயிற்சி நிலையம் இருக்கிறது. சென்னைக்கு அருகே கொடுவள்ளியில் பால்வளத் தொழில்நுட்பக் கல்லூரி இருக்கிறது. 2025-ல் பார்லிமெண்டு சட்டம் செய்து, ஆனந்தில் கூட்டுறவுக்கென்றே திரிபுவன்தாஸ் பெயரால் ஒரு சர்வகலாசாலையும் ஸ்தாபித்திருக்கிறது. இவை பட்டதாரிகளையும் மானேஜர்களையும் தயாரிக்கட்டும். அந்தப் படிப்பு விடியற்காலை ஐந்து மணிக்குச் சொசைட்டி வாசலில் நிற்பவளிடம் எப்படி இறங்கப் போகிறது என்பதற்குத் திட்டம் வேண்டும். அவளால் ஈரோட்டுக்கு வர முடியாது. இரண்டு வேளையும் மாடு காத்திருக்கிறது. ஆகையால் ஆசிரியர்தான் அவள் தொழுவத்துக்கு வரவேண்டும், கறவைக்கும் கறவைக்கும் நடுவே பகல் வேளையில், பெண்ணே ஆசிரியராக.

தொழிற் சங்கங்களில் உழைக்கும் நண்பர்களுக்கும் ஒரு வார்த்தை. போனஸுக்கும் பஞ்சப்படிக்கும் போராடும் அதே ஊக்கத்தோடு பயிற்சிக்கும் போராட வேண்டும். பயிற்சிக்குப் போகும் நாட்களுக்கு முழுக் கூலி. தேறியவருக்கு அதற்குரிய சம்பள உயர்வு. யந்திரம் வாங்க டெண்டர் போடும் அன்றே, அதனால் வேலை மாறுகிறவர்களின் பட்டியலும் அவர்கள் படிப்புச் செலவும் அதே தஸ்தாவேஜில் சேர வேண்டும். ஒப்பந்தக் கூலிகளுக்கும் இவையெல்லாம் உண்டு. சம்பளம் உயராத சான்றிதழைச் சுவரில் மாட்டத்தான் முடியும். தொழிலாளி ஒரு முறை ஏமாறுவார், மறுமுறை பயிற்சி என்றாலே ஒளிந்துகொள்ளுவார்.

பால்வளத் துறையின் மானியக் கோரிக்கை ஒவ்வொரு வருஷமும் சட்டசபைக்கு வருகிறது. கட்டடத்துக்கு எவ்வளவு, யந்திரத்துக்கு எவ்வளவு என்று அதில் தனித்தனியே காட்டுகிறார்கள். அந்த யந்திரத்தை இயக்கப் போகிறவரின் படிப்புக்கு எவ்வளவு என்று எழுந்து கேட்கும் அங்கத்தினர் எந்தக் கட்சியினராயினும் அவருக்கு நமது ஆதரவு உண்டு.